செத்தவர் உலகில் ஏன் சாப்பிடக் கூடாது, ஏன் திரும்பிப் பார்க்கக் கூடாது?

கேள்வி இதுதான்: சுமேரியா, கிரேக்கம், ஜப்பான், இந்தியா என்று எங்கே பார்த்தாலும் உயிரோடு ஒருவர் செத்தவர் உலகத்துக்குப் போகும் கதை இருக்கிறது. "அங்கே எதையும் சாப்பிடாதே", "திரும்பிப் பார்க்காதே" என்ற விதிகளும் மாறாமல் வருகின்றன. ஒரு நாட்டிலிருந்து இன்னொரு நாட்டுக்குப் போன கதையா இது? அல்லது மனித மனம் எங்கும் ஒன்றே என்பதற்கு அடையாளமா?

இரண்டிலும் கொஞ்சம் உண்மை உண்டு. ஆனால் மூலக் கதைகளை அடுத்தடுத்து வைத்துப் படித்தால் வேறொன்று கண்ணில் படும். அந்த விதிகளில் பெரும்பாலானவை சாவு வீட்டிலிருந்து வந்தவை. பிணத்துக்கு எதைச் செய்தார்களோ, துக்கம் காப்பவர் எதைத் தவிர்த்தாரோ, அதுவே கீழுலகத்தின் சட்டமாகக் கதைக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. நம் ஊரில் ஓட்டை போட்ட குடத்தோடு மூன்று சுற்று சுற்றி, குடத்தை உடைத்து, கொள்ளி வைத்தவரிடம் "திரும்பிப் பார்க்காம போ" என்று சொல்கிறார்களே, அதை மனதில் வைத்துக்கொண்டு மற்ற நாட்டுக் கதைகளுக்குள் போனால் பல விஷயங்கள் விளங்கும்.

முதலில் ஒரு சொல் தகராறு. இந்தக் கதைகளைத் தமிழில் "பாதாளப் பயணம்" என்று எழுதுவது வழக்கமாகிவிட்டது. நம் புராணங்களில் பாதாளம் என்பது நாகர்களும் அசுரர்களும் வாழும், செல்வம் கொழிக்கும் இடம். இந்திரலோகத்தைவிட அழகானது என்று நாரதர் மெச்சுவதாக விஷ்ணு புராணம் சொல்கிறது. செத்தவர் போவது அங்கே அல்ல, தெற்கே, யமனிடம். குறளில் முன்னோரைத் "தென்புலத்தார்" என்பதும் அதனால்தான். ஆகவே இங்கே கீழுலகம், செத்தவர் உலகம் என்றே எழுதுகிறேன்.

எழுத்தில் கிடைத்த இத்தகைய கதைகளில் மிகப் பழையவற்றுள் ஒன்று சுமேரியரின் இனான்னா கதை. நமக்குக் கிடைத்த களிமண் பலகைகள் கி.மு. 2000-க்குப் பிந்திய சில நூற்றாண்டுகளைச் சேர்ந்தவை. மொத்தம் 400 வரிக்குக் கொஞ்சம் கூடுதல். காதலும் போரும் தன் கையில் வைத்திருக்கும் தெய்வம் இனான்னா, அக்காள் எரெஷ்கிகல் ஆளும் கீழுலகத்துக்குக் கிளம்புகிறாள். தலைப்பாகை, கழுத்தில் நீலக்கல் மணி, மார்பில் முட்டை வடிவ இரட்டை மணி, மார்ப்பதக்கம், பொன் வளையம், கையில் நீலக்கல் அளவுகோலும் கயிறும், உடம்பில் அரசிக்குரிய ஆடை, கண்ணுக்கு மை. வாசலில் நிறுத்திக் கேட்கும் காவலாள் நேத்தியிடம் அவள் சொல்லும் காரணம்: "அக்காள் புருஷன் குகலன்னா செத்துப்போனார், சடங்குக்கு வந்தேன்."

துக்கம் கேட்கப் போகிறவள் போட்டுக்கொண்டு போகும் உடுப்பா இது? ஏழு வாசலில் ஏழு பொருளைக் கழற்றுகிறார்கள். முதல் வாசலில் தலைப்பாகை, கடைசியில் ஆடை. ஒவ்வொரு முறையும் "இது என்ன?" என்று கேட்கிறாள். "பேசாதே இனான்னா, கீழுலகத்தின் முறைகள் குறையில்லாதவை, அவற்றுக்கு எதிராக வாய் திறக்காதே" என்ற ஒரே பதில்தான் ஒவ்வொரு முறையும். கடைசியில் நிர்வாணமாகப் போய் அக்காளின் சிம்மாசனத்தில் உட்காரப் பார்க்கிறாள். ஏழு நீதிபதிகள் சாவின் பார்வையால் அவளைப் பார்க்கிறார்கள். அவள் பிணமாகிறாள், ஆணியில் தொங்கவிடப்படுகிறாள்.

அவள் திரும்பி வந்தது அதிர்ஷ்டத்தால் அல்ல. போகும் முன்பே பணியாள் நின்ஷுபுரிடம் முறையாகச் சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள்: நான் வராவிட்டால் ஒப்பாரி வை, பறை அடி, அழுக்கு உடை உடுத்து, நிப்பூரில் என்லிலிடம் போ, அவர் கைவிட்டால் ஊர் என்ற பெயருள்ள நகரில் நன்னாவிடம் போ, அவரும் கைவிட்டால் எரிதுவில் எங்கியிடம் போ. மூன்று பகல் மூன்று இரவு கழிந்ததும் நின்ஷுபுர் அப்படியே செய்கிறாள். முதல் இருவரும் "கீழுலகம் கேட்டு வாங்கிக்கொண்டாள், அங்கேயே கிடக்கட்டும்" என்று கையை விரிக்கிறார்கள். எங்கி மட்டும் தன் நக அழுக்கிலிருந்து இரண்டு உருவங்களைச் செய்து, ஒன்றிடம் உயிர் தரும் செடியையும் மற்றதிடம் உயிர் தரும் நீரையும் கொடுத்து அனுப்புகிறார். அவர் சொல்லி அனுப்பும் வழிமுறை கதையின் மிக நுட்பமான பகுதி. "எரெஷ்கிகல் படுத்துக்கொண்டு 'ஐயோ என் நெஞ்சே, ஐயோ என் ஈரலே' என்று முனகிக்கொண்டிருப்பாள். நீங்களும் கூடவே 'ஐயோ உன் நெஞ்சே' என்று முனகுங்கள். அவள் மனம் இளகி ஆறு நிறைய நீர் தருவாள், வாங்காதீர்கள். வயல் நிறைய தானியம் தருவாள், வாங்காதீர்கள். ஆணியில் தொங்கும் பிணத்தை மட்டும் கேளுங்கள்." சாவு வீட்டில் அழுகிறவளோடு கூட அழுதவனுக்குத்தான் கதவு திறக்கிறது. எத்தனை வீரர்கள் வாளோடு போயும் நடக்காத காரியம் இது.

இனான்னா எழுந்துவிடுகிறாள். ஆனால் கணக்கு தீரவில்லை. ஒருவர் வெளியேறினால் பதிலுக்கு ஒருவர் உள்ளே வர வேண்டும். கல்லா எனப்படும் ஏவலர்கள் கூடவே வருகிறார்கள். அவர்களுக்கு உணவு தெரியாது, குடிநீர் தெரியாது, கையூட்டு வாங்கமாட்டார்கள். முதலில் நின்ஷுபுரைக் கேட்கிறார்கள், அவள் அழுக்கு உடையில் புழுதியில் கிடக்கிறாள். இனான்னா விடமாட்டேன் என்கிறாள். உம்மா நகரில் ஷாரா, பாத்-திபிராவில் லுலால், அவர்களும் துக்கக் கோலத்தில்தான் இருக்கிறார்கள். கடைசியில் அவளுடைய கணவன் துமுசி. அவன் பகட்டான ஆடை உடுத்தி ஆசனத்தில் சாய்ந்து உட்கார்ந்திருக்கிறான். "இவனைக் கொண்டுபோங்கள்." யார் போவது என்பதைத் தீர்மானித்தது அன்போ பாவ புண்ணியமோ அல்ல, துக்கம் காத்தவர் பிழைத்தார், காக்காதவன் போனான். பிறகு அவன் தங்கை கெஷ்டினன்னா முன்வர, ஆளுக்குப் பாதி ஆண்டு என்று பங்கு பிரிகிறது.

இந்தக் கதையிலேயே ஆராய்ச்சியாளர்கள் ஒருமுறை நன்றாகச் சறுக்கினார்கள். அக்காது மொழியில் இதன் சுருக்கமான பிற்கால வடிவம் ஒன்று, இஷ்தாரின் இறக்கம் (இனான்னாவின் அக்காதுப் பெயர் இஷ்தார்), சுமார் 140 வரி, முன்பே கிடைத்திருந்தது. அதன் முடிவில் தம்மூஸின், அதாவது துமுசியின், பெயர் தெளிவில்லாமல் வருகிறது. ஆகவே "காதலனை மீட்கத்தான் தேவி இறங்கினாள்" என்று பல பத்தாண்டுகள் எழுதிவந்தார்கள். சுமேரிய வடிவத்தின் பிற்பகுதியை 1951-இல் சாமுவேல் நோவா கிரேமர் வெளியிட்டபோதுதான் அவள் கணவனை மீட்கவில்லை, பிடித்துக் கொடுத்தாள் என்று தெரிந்தது. செத்த மனைவியை மீட்கப் போன கிரேக்கப் பாடகன் ஆர்ஃபியூஸின் கதையை மனதில் வைத்துக்கொண்டு வேறொரு கதையின் ஓட்டையை அடைத்ததால் வந்த வினை. இன்றும் இணையத்தில் பழைய பதிப்பே உலவுகிறது.

அதே சுமேரியாவில் என்கிது கதை இன்னும் வெளிப்படையாகப் பேசுகிறது. அரசன் கில்கமெஷின் விளையாட்டுப் பொருள் கீழுலகத்தில் விழுந்துவிட, எடுத்துவர அவன் நண்பன் என்கிது இறங்குகிறான். கில்கமெஷ் சொல்லும் எச்சரிக்கைகள்: சுத்தமான துணி உடுத்தாதே, அந்நியன் என்று கண்டுபிடித்துவிடுவார்கள். நறுமண எண்ணெய் பூசாதே, வாசனைக்குச் சூழ்ந்துகொள்வார்கள். கோலை எறியாதே, கையில் தடி வைத்துக்கொள்ளாதே, செருப்பு போடாதே, சத்தம் போடாதே. பிடித்த மனைவியை முத்தமிடாதே, பிடிக்காத மனைவியை அடிக்காதே, பிள்ளைகளுக்கும் அப்படியே. துவைத்த துணி, எண்ணெய், செருப்பு, தாம்பத்தியம் எல்லாம் விலக்கு என்றால் எந்தத் தமிழ்ப் பாட்டிக்கும் உடனே புரியும், இது தீட்டுக் காலம். என்கிது ஒன்றைக்கூடக் கேட்கவில்லை. எல்லாவற்றையும் செய்தான், மாட்டிக்கொண்டான்.

பிறகு தரையில் ஒரு துளை திறந்து அவன் ஆவி மட்டும் மேலே வருகிறது. நண்பர்கள் பேசும் பேச்சு கிட்டத்தட்ட ஒரு கணக்கெடுப்பு. ஒரு மகன் உள்ளவன் சுவரில் அடித்த முளையைப் பார்த்து அழுகிறான். இரண்டு மகன் உள்ளவன் இரண்டு செங்கல் மேல் உட்கார்ந்து ரொட்டி தின்கிறான். மூன்று மகன் உள்ளவனுக்குத் தோல்பையில் தண்ணீர் உண்டு. ஏழு மகன் உள்ளவன் சிறு தெய்வங்களோடு ஆசனத்தில் உட்கார்ந்திருக்கிறான். வாரிசு இல்லாதவன் சூளையில் சுட்ட செங்கல் போன்ற ரொட்டியைக் கடிக்கிறான். படையல் வைக்க யாருமில்லாதவன் பாத்திரம் வழித்த சுரண்டலையும் தெருவில் எறிந்த துணுக்கையும் தின்கிறான். நல்லவன் கெட்டவன் என்ற பேச்சே பெரிதாக இல்லை. திதி கொடுக்க எத்தனை பேர் என்பதுதான் கேள்வி.

இப்போது சாப்பாட்டு விதிக்கு வருவோம். இதில் எல்லோருக்கும் தெரிந்தது, கீழுலக அரசன் ஹேடீஸ் தூக்கிச் சென்ற, டிமீட்டர் தேவியின் மகள் பெர்செஃபொனியின் மாதுளை. ஹோமரின் பெயரால் வழங்கும் டிமீட்டர் துதியில் ஹேடீஸ் அவளுக்கு யாருமறியாமல் ஊட்டுவது மாதுளை விதை ஒன்றுதான். அதற்குத் தண்டனை ஆண்டில் மூன்றில் ஒரு பங்கு கீழே, இரண்டு பங்கு தாயோடு. ரோமக் கவி ஓவிட் ஏழு விதை என்கிறார், ஆண்டையும் ஆறு ஆறு மாதமாகப் பிரிக்கிறார். "ஆறு விதை தின்றாள், அதனால் ஆறு மாதம்" என்று இன்று சொல்லப்படும் கணக்கு இந்த இரண்டிலும் இல்லை.

ஜப்பானில் கி.பி. 712-இல் தொகுத்த கொஜிகி நூலில், நெருப்புத் தெய்வத்தைப் பெற்றெடுக்கும்போது வெந்து இறந்த மனைவி இசனாமியைத் தேடி இசனாகி யோமி நாட்டுக்குப் போகிறான். அவள் சொல்லும் முதல் வார்த்தை: "இன்னும் முன்னால் வந்திருக்கக் கூடாதா? யோமியின் அடுப்பில் சமைத்ததைச் சாப்பிட்டுவிட்டேன்." கவனியுங்கள், வெறும் உணவு அல்ல, அடுப்பு. சாவுத் தீட்டு நெருப்பின் வழியே பரவும் என்பது பழைய ஜப்பானிய நம்பிக்கை. தீட்டு உள்ளவரோடு ஒரே நெருப்பில் சமைத்துச் சாப்பிடமாட்டார்கள். சாவு விழுந்த வீட்டில் அடுப்பு மூட்டாமல் உறவுக்காரர் வீட்டிலிருந்து சோறு வருவது நமக்கும் பழக்கம்தானே. எந்த அடுப்பில் உண்கிறாயோ அந்த வீட்டு ஆள் நீ. விதியின் உள்ளர்த்தம் இவ்வளவுதான். மாதுளைக்கு வேறு மர்ம சக்தி எதுவும் தேவையில்லை. பின்லாந்தின் கலேவலாவில் கிழட்டுப் பாடகன் வைனாமொய்னன் செத்தவர் நாடான துவோனேலாவில் நீட்டப்படும் பீர்க் குவளையைக் குடிக்காமல் தள்ளுகிறான். குவளைக்குள் தவளையும் புழுவும் நெளிகின்றன என்பதால் அவனுக்கு அது அவ்வளவு கஷ்டமாகவும் இருந்திருக்காது.

இந்தியக் கதைதான் இந்த விதியைத் தலைகீழாகப் பிடித்தது. கடோபநிடதத்தில் அப்பாவின் கோபச் சொல்லால் யமன் வீட்டுக்குப் போன நசிகேதன், யமன் ஊரில் இல்லாததால் மூன்று இரவு பட்டினியாக வாசலில் கிடக்கிறான். திரும்பி வந்த யமன் பதறுகிறான். விருந்தாளி பட்டினி கிடந்த வீட்டின் புண்ணியமும் பிள்ளையும் மாடும் போய்விடும் என்பது முறை. இரவுக்கு ஒன்றாக மூன்று வரம் கொடுத்துத் தீர்த்துக்கொள்கிறான்: அப்பாவின் கோபம் தணிய வேண்டும், சொர்க்கம் தரும் அக்கினிச் சடங்கு தெரிய வேண்டும், செத்த பிறகு என்ன என்று சொல்ல வேண்டும். மற்ற நாடுகளில் சாப்பிட்டவன் கைதியானான். இங்கே சாப்பாடு போடாத யமன் கடன்காரனானான்.

இது தற்செயல் இல்லை, திட்டம் என்று காட்டும் பழைய வடிவம் தைத்திரீய பிராம்மணத்தில் இருக்கிறது. பையன் கிளம்பும்போதே ஒரு குரல் சொல்லிக்கொடுக்கிறது: யமன் இல்லாத நேரம் போ, மூன்று இரவு உண்ணாமல் இரு. "முதல் இரவு என்ன சாப்பிட்டாய்" என்று கேட்டால் "உன் பிள்ளைகளை" என்று சொல். இரண்டாம் இரவு, "உன் மாடுகளை." மூன்றாம் இரவு, "உன் நற்செயல்களை." மரணத்தை மடக்க இவ்வளவு கூர்மையான வழியை வேறெந்தக் கதையும் சொல்லவில்லை என்பது என் எண்ணம். உபநிடதத்தின் தத்துவத்துக்காகப் படிப்பவர்கள் இந்தச் சட்ட நுணுக்கத்தைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

சாவித்திரி கதையும் இதே இனம். அவள் யமலோகம் வரை போகவே இல்லை, வழியிலேயே முடித்துவிடுகிறாள். ஏழு அடி கூட நடந்தவர் நண்பர் என்ற முறையைச் சொல்லித்தான் யமனோடு பேச்சையே தொடங்குகிறாள். காரடையான் நோன்பு நோற்கும் வீடுகளில் பதிவிரதை மகிமை பேசுவார்கள். மகாபாரதத்தில் அவள் வென்றது நடையாலும் பேச்சாலும். நூறு பிள்ளை வரம் வாங்கிய பிறகு "கணவன் இல்லாமல் எப்படி?" என்று கேட்கிறாளே, அது வக்கீல் கேட்கும் கேள்வி.

திரும்பிப் பார்க்காதே என்ற விதியைப் பொறுத்தவரை, ஆர்ஃபியூஸையும் இசனாகியையும் ஒரே கூடையில் போடுவது எல்லோரும் செய்யும் தவறு. இரண்டு விலக்குகள் வேறு வேறு.

இசனாகிக்குச் சொன்னது "என்னைப் பார்க்காதே" என்று. யோமியின் தெய்வங்களிடம் பேசிவிட்டு வருகிறேன் என்று உள்ளே போனவள் நேரமாகியும் வராததால், தலைச் சீப்பின் ஓரப் பல்லை ஒடித்துக் கொளுத்திப் பார்க்கிறான். புழு நெளியும் பிணம். உடம்பில் எட்டு இடி தெய்வங்கள் குடியிருக்கின்றன. அவமானப்பட்டவள் துரத்த ஆள் அனுப்புகிறாள். தலையில் கட்டியிருந்த கொடியை எறிகிறான், திராட்சையாகிறது. சீப்பை எறிகிறான், மூங்கில் குருத்தாகிறது. துரத்துகிறவர்கள் தின்ன நிற்கிறார்கள். பிறகு 1,500 வீரர்கள். எல்லையில் மூன்று பீச் பழங்களை எறிந்து விரட்டுகிறான். ஆயிரம் பேர் இழுக்க வேண்டிய பாறையை இழுத்து வழியை அடைத்துவிட்டு, அதன் இரு பக்கமும் நின்று கணவனும் மனைவியும் உறவை முறித்துக்கொள்கிறார்கள். "உன் நாட்டில் நாளுக்கு 1,000 பேரைக் கொல்வேன்" என்கிறாள். "நான் நாளுக்கு 1,500 பிரசவக் குடிசை கட்டுவேன்" என்கிறான். அதன்பின் நேராக ஆற்றுக்குப் போய்த் தலை முழுகுகிறான். அந்தக் குளியலில் இடக்கண்ணைக் கழுவும்போது பிறந்தவள்தான் சூரிய தேவி அமதெராசு. துட்டி வீட்டுக்குப் போய்வந்து குளிப்பதிலிருந்து ஒரு நாட்டின் தலைமைத் தெய்வமே பிறந்திருக்கிறாள். 720-இல் முடிந்த நிஹோன் ஷோகியில் இதே இடத்தில் ஒரு குறிப்பு இருக்கிறது: இரவில் ஒற்றை விளக்கு ஏற்றுவதையும் சீப்பை எறிவதையும் மக்கள் இன்றும் தவிர்ப்பது இதனால்தான் என்று. கதைக்கும் வழக்கத்துக்கும் உள்ள கயிற்றை நூலே கையில் கொடுக்கிறது.

ஆர்ஃபியூஸுக்குச் சொன்னது வேறு. மனைவி பின்னால் வருவாள், வெளிச்சம் வரும் வரை முகத்தைத் திருப்பாதே. இது கிரேக்கருக்குப் புதிதல்ல. மண்ணுக்கடியில் உள்ள தெய்வங்களுக்குப் பலி கொடுத்தால் திரும்பிப் பாராமல் வர வேண்டும் என்பது அவர்களுடைய நடைமுறை விதி. கிரேக்க வீரன் ஜேசன் ஹெகடே தேவிக்குக் குழி வெட்டிப் பலி கொடுக்கும்போது அவனுக்கு உதவும் மந்திரக்காரி மெடியா சொல்கிறாள்: காலடிச் சத்தம் கேட்டாலும், நாய் குரைத்தாலும் திரும்பாதே, திரும்பினால் எல்லாம் கெட்டுவிடும். அதே விதியைத்தான் ஆர்ஃபியூஸின் காதலுக்கு நடுவே கொண்டுவந்து வைத்தார்கள். சடங்கில் அதைக் காப்பது சுலபம், பின்னால் இருப்பது பயம். இவனுக்குப் பின்னால் இருப்பது ஆசை. ரோமக் கவி வர்ஜில் அதைக் கணநேரப் பித்து என்கிறார், செத்தவர்களுக்கு மன்னிக்கத் தெரிந்திருந்தால் மன்னிக்கத்தக்கது என்கிறார். ஓவிட்டோ, அவள் தளர்ந்துவிடுவாளோ என்ற கவலையும் பார்க்கும் ஆவலும் என்கிறார். பிளேட்டோவின் விருந்து உரையாடலில் வரும் பேச்சாளர் ஒருவருக்கு இரக்கமே இல்லை: அவளுக்காகச் சாகத் துணியாமல் உயிரோடு உள்ளே நுழைந்த கோழை அவன், அதனால் தெய்வங்கள் வெறும் நிழலைக் காட்டி அனுப்பினார்கள்.

வழிச்செலவு, வழித்துணை விஷயத்தில் மிகத் துல்லியமான பட்டியலைத் தருவது கி.பி. 2-ஆம் நூற்றாண்டில் அபுலேயுஸ் எழுதிய சைக்கி கதை. தெற்கு கிரேக்கத்தில் தைனரோஸ் முனையில் நுழைவாய். இரு கையிலும் தேன்மதுவில் பிசைந்த பார்லி அடை ஒவ்வொன்று, வாயில் இரண்டு நாணயம். கை நிறைய அடை, வாய் நிறைய காசு என்பதால் வழியில் யாருக்கும் உதவவும் முடியாது, பேசவும் முடியாது, அதுதான் நோக்கமும். நொண்டிக் கழுதைக்காரன் விறகு எடுத்துத் தரச் சொல்வான், பேசாமல் போ. ஆற்றில் மிதக்கும் கிழப் பிணம் படகில் ஏற்றச் சொல்லும், ஏற்றாதே. நெசவு செய்யும் கிழவிகள் கை கொடுக்கச் சொல்வார்கள், கொடுக்காதே. அடையைக் கீழே வைத்தால் போச்சு, ஒன்று போகும்போது மூன்று தலை நாய்க்கு, மற்றது வரும்போது. காசும் அப்படியே, ஓடக்காரனே தன் கையால் வாயிலிருந்து எடுத்துக்கொள்ளட்டும். உள்ளே அரசி விருந்து வைப்பாள். தரையில் உட்கார்ந்து முரட்டு ரொட்டியை மட்டும் தின்னு. அரசியிடம் வாங்கிவரும் பெட்டியைத் திறக்காதே. சைக்கி அத்தனையும் சரியாகச் செய்து வெளியே வந்தபின் பெட்டியைத் திறந்து, உள்ளே இருந்த சாவுத் தூக்கத்தில் விழுகிறாள். கீழுலகத்தில் தவறாதவர்கள் வாசலுக்கு வந்ததும் தவறுவது வழக்கம்.

வாயில் காசு என்பது கதைக்காரர் கற்பனையல்ல, கிரேக்கக் கல்லறைகளில் எடுத்திருக்கிறார்கள். ஆனால் பெரும்பாலான கல்லறைகளில் காசே இல்லை; எல்லோரும் கட்டாயம் வைத்தார்கள் என்று நினைக்க வேண்டாம். கட்டணமும் நிலையில்லை. பொதுவாக ஓர் ஓபோல் (கிரேக்கச் சிறு காசு) என்பார்கள், கி.மு. 405-இல் மேடையேறிய தவளைகள் நாடகத்தில் அரிஸ்டோஃபனிஸ் கிண்டலாக இரண்டு ஓபோல் கேட்கவைக்கிறார். நம் ஊரில் வாய்க்கரிசியும் நெற்றிக்காசும் உண்டு, வைதரணி ஆற்றைக் கடக்க மாட்டின் வாலைப் பிடித்துக்கொள்ளலாம் என்று கோதானம் கொடுப்பதும் உண்டு. கிரேக்கரின் ஓடத்துக்குப் பதில் நமக்கு மாட்டு வால்.

இன்னும் நேரடியான வழிகாட்டி, தெற்கு இத்தாலியில் ஹிப்போனியன் கல்லறையில் ஒரு பெண்ணோடு புதைத்த, கி.மு. 400 அளவிலான மெல்லிய தங்கத் தகடு. வெள்ளை சைப்ரஸ் மரத்தருகே ஒரு ஊற்று இருக்கும், அதன் பக்கமே போகாதே. அப்பால் நினைவின் ஏரியிலிருந்து குளிர்ந்த நீர் வரும், அங்கே காவலர்கள் கேட்பார்கள். "மண்ணுக்கும் நட்சத்திர வானுக்கும் பிள்ளை நான், தாகத்தால் சாகிறேன், நீர் கொடுங்கள்" என்று சொல். எகிப்தில் அரசர் கல்லறைச் சுவர்களில் எழுதிய அம்துவாத் இதே வேலையைப் பெரிய அளவில் செய்கிறது. சூரியன் இரவின் 12 மணிநேரமும் கடக்கும் வழி, ஒவ்வொரு மணிக்கும் யார் யார் நிற்பார்கள், பெயர் என்ன என்ற விவரம். நான்காம் மணியில் நீர் இல்லாமல் மணலாகிவிட, படகே பாம்பாக மாறி ஊர்கிறது. ஏழாம் மணியில் அபெப் என்ற பகைப் பாம்பு. பெயர் தெரிந்தவனுக்குப் பயமில்லை என்பது அதன் கொள்கை.

பெயர் என்றதும் மத்திய அமெரிக்க மாயரின் பொபோல் வூ நூல். இங்கே என் சாவு வீட்டு விளக்கம் நொண்டுகிறது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். ஷிபால்பா என்ற கீழுலகத்தின் பிரபுக்கள் முதலில் வரவழைத்த அண்ணன் தம்பிகள் மரப்பொம்மைக்கு வணக்கம் சொல்லி ஏமாந்தார்கள், சூடான கல்லில் உட்கார்ந்து சுட்டுக்கொண்டார்கள், அணையாமல் அப்படியே திருப்பித் தர வேண்டிய தீப்பந்தத்தையும் சுருட்டையும் எரித்துத் தீர்த்தார்கள், செத்தார்கள். அடுத்த தலைமுறை இரட்டையர் ஒரு கொசுவை முன்னே அனுப்புகிறார்கள். கடிபட்டவர்கள் ஒருவரை ஒருவர் பெயர் சொல்லி "என்ன ஆச்சு?" என்று கேட்க, எல்லாப் பெயரும் தெரிந்துவிடுகிறது. பந்தத்தின் நுனியில் சிவப்பு இறகு, சுருட்டு நுனியில் மின்மினி. இது துக்கத்தின் மொழி அல்ல, பந்தாட்டக்காரர்களின் மொழி. எதிராளியின் தந்திரம் தெரிந்தால் ஜெயிக்கலாம். மேலே சொன்ன கதைகளில் வேறெதிலும் கீழுலகம் அடியோடு தோற்பதில்லை, இதில் தோற்கிறது.

வடக்கே, ஐஸ்லாந்தில் ஸ்னோரி எழுதிவைத்த, செத்த தெய்வம் பால்டரை மீட்கப் போகும் கதையில் துக்கமே கட்டணம். ஒன்பது இரவு இருண்ட பள்ளத்தாக்குகளில் குதிரையோட்டிப் போன ஹெர்மோடிடம் கீழுலக அரசி ஹெல் சொல்கிறாள்: உலகிலுள்ள எல்லாம் அழுதால் விடுகிறேன். கல்லும் உலோகமும்கூட அழுகின்றன. ஒரு அரக்கி மட்டும் அழ மறுக்கிறாள், பால்டர் அங்கேயே நின்றுவிடுகிறார். துமுசி மாட்டிய அதே கொக்கி.

சரி, யார் யாரிடமிருந்து எடுத்தார்கள்? இனான்னாவிலிருந்து இஷ்தாருக்கு வந்தது உறுதி, ஒரே நாகரிகத்தின் இரண்டு மொழிகள். ஹோமரிலிருந்து வர்ஜிலுக்கு வந்ததும் உறுதி. ஆர்ஃபியூஸுக்கும் இசனாகிக்கும் இடையே பாலம் போடுவது ஊகமே. வட அமெரிக்கப் பழங்குடிகளிடம் மனைவியைத் தேடிப் போகும் கதை ஏராளம். ஓகே ஹுல்ட்கிராண்ட்ஸ் 1957-இல் அவற்றுக்கென்றே தனி நூல் எழுதினார். நெஸ் பெர்ஸ் மக்களின் கதையில் கொயோட்டுக்கான விதி பார்ப்பது பற்றியதே அல்ல: ஐந்து மலை தாண்டும் வரை அவளைத் தொடாதே. தொட்டுவிடுகிறான். கூறு ஒன்றுபோல இருந்தால் மட்டும் போதாது, விலக்கு எதன் மேல் என்பதையும் பார்க்க வேண்டும். கண்ணா, கையா, வாயா?

சில இடங்களில் போக்குவரத்து எதிர்த்திசையில் நடக்கும், கதையிலிருந்து சடங்குக்கு. சீனத்து மூலியன் நரகத்தில் கிடக்கும் தாய்க்குச் சோறு கொண்டுபோகிறான். வாய்க்கருகே போனதும் அது கரிநெருப்பாகிறது. ஏழாம் மாதம் பதினைந்தாம் நாள் துறவிகளுக்கு உணவு படைத்தால்தான் அவள் கரையேறுவாள் என்று புத்தர் சொல்கிறார். மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் அந்த மாதம் தெருவோரம் சோறும் ஊதுபத்தியும் வைப்பதைத் தமிழர்கள் ஆண்டுதோறும் பார்க்கிறார்கள். அந்த மாதத்தின் பௌத்தப் பக்கத்துக்கு இந்தக் கதைதான் காரணம் சொல்கிறது.

படிக்கத் தொடங்குபவர்கள் இனான்னாவிலிருந்து தொடங்கலாம், ஒரே உட்காரலில் முடியும். அடுத்து டிமீட்டர் துதி, 495 வரி. பிறகு கடோபநிடதத்தின் முதல் வல்லி. ஹோமரின் ஒடிசியில் பதினோராம் காண்டத்தை மட்டும் எடுத்துப் படிக்காதீர்கள், பத்தாம் காண்டத்தின் கடைசியிலிருந்து தொடங்குங்கள். செய்முறை அங்கேதான் இருக்கிறது: ஒரு முழ நீளம் ஒரு முழ அகலக் குழி, முதலில் தேன் கலந்த பால், அடுத்து இனிய மது, மூன்றாவது தண்ணீர், மேலே வெள்ளை பார்லி மாவு, ஆட்டுக்கடாவும் கறுப்புப் பெண்ணாடும் பலி. இரத்தம் குடிக்க விட்ட ஆவிதான் உண்மையைப் பேசும். அப்படியும் முதலில் வந்து நிற்பவன் ஒடிசியஸ் கூப்பிட்ட குறிசொல்லி தைரேசியஸ் அல்ல. கூரையிலிருந்து விழுந்து செத்து, அடக்கம் செய்யாமல் விட்டுவந்த தோழன் எல்பெனோர். அவன் கேட்பது ஒன்றே: என்னை எரித்து, மேடு எழுப்பி, நான் வலித்த துடுப்பை அதன்மேல் நடு.